மூன்றாம் முறை கேட்கும்போது

சிராங்கூன் சாலையையும் ஜாலான் புசாரையும் இணைக்கும் சிறு சாலைகளுள் டெஸ்கர் சாலையும் ஒன்று. முஸ்தபா கடைத்தொகுதிக்குப் போகிறவர்களும் வீரமாகாளியம்மன் கோயிலுக்கு வருகிறவர்களும் அதைக் கவனிக்காமலே கடந்துவிடுவது உண்டு. பழைய கடைவீடுகள் நிறைந்த அந்தச் சாலையில் ஜரதுஷ்டிர இல்லம் இருக்கிறது. சிங்கப்பூரில் வாழும் பார்சிகள் ஒன்றுகூடும் இடம் அது. அவர்கள் சில நூறு பேர்தான். ஓர் உயர்நிலைப் பள்ளியில் ஒரே நிலையில் படிக்கும் மாணவர்களை ஒன்றாக நிற்கவைத்தால் ஏறத்தாழ அத்தனை பேர் இருப்பார்கள்.

எண்ணிக்கை சிறிதானாலும் அவர்களுடைய சுவடு இந்த நகரில் ஆழமானது. ஷென்டன் வே பகுதியில் பார்சி சாலை என்று ஒரு சாலை உண்டு. அதற்கு அருகில் மிஸ்திரி சாலையும் உண்டு. 1828ஆம் ஆண்டிலேயே, அதாவது ராஃபிள்ஸ் இங்கு வந்திறங்கி ஒன்பது ஆண்டுகளுக்குள், பார்சிகள் பாமர் குன்றில் தங்களுக்கென ஓர் இடுகாட்டு நிலத்தைப் பெற்றுவிட்டார்கள். நவ்ரோஜி மிஸ்திரி என்ற பார்சி வணிகர், ஏழைக் குழந்தைகளின் சிகிச்சைக்காக 1950களில் பொது மருத்துவமனைக்கு அளித்த நன்கொடை 950,000 வெள்ளி. அந்தக் காலத்தில் அது எவ்வளவு பெரிய தொகை என்பதை வீட்டில் இருக்கும் தாத்தா பாட்டியிடம் கேட்டால் தெரியும்.

இந்தப் பார்சிகள் யார்? ஈரானின் பழைய பெயர் பாரசீகம். அங்கு ஜரதுஷ்டிரர் என்ற ஞானி நிறுவிய சமயத்தைப் பின்பற்றிய மக்களில் ஒரு பகுதியினர், ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்னர்க் கடல் கடந்து இந்தியாவின் குஜராத் கரைக்கு வந்தார்கள். பாரசீகத்திலிருந்து வந்தவர்கள் என்பதால் பார்சிகள் எனப்பட்டார்கள். அவர்களுடைய வருகையைப் பற்றி ஓர் அழகான கதை எல்லாராலும் சொல்லப்படுகிறது. உள்ளூர் அரசன் விளிம்புவரை பால் நிறைந்த கிண்ணத்தை அனுப்பி, இங்கு இடமில்லை என்று குறிப்பால் உணர்த்தினானாம். பார்சிப் பெரியவர் அந்தப் பாலில் ஒரு பிடி சர்க்கரையைக் கலந்து திருப்பி அனுப்பினாராம். பால் வழியவில்லை, இனித்தது. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால், 1600ஆம் ஆண்டையொட்டி ஒரு பார்சிப் பூசாரி பாரசீக மொழியில் எழுதிய ‘சஞ்சான் வரலாறு’ என்ற செய்யுள் நூலில் இந்தப் பால் கதை இல்லை. அதில் இருப்பது வேறொரு செய்தி. அது பால் கதையைவிடச் சுவையானது.

அந்த நூலின்படி, அரசன் வந்தவர்களுக்கு ஐந்து நிபந்தனைகளை விதித்தான். உங்கள் சமயம் எத்தகையது என்று எனக்கு விளக்க வேண்டும். ஆயுதங்களைக் கீழே வைக்க வேண்டும். இந்த நாட்டின் மொழியைப் பேச வேண்டும். உங்கள் பெண்கள் இந்த நாட்டுப் பெண்களைப் போல உடுத்த வேண்டும். இந்த நான்கையும் எந்த அரசனும் கேட்கக்கூடும். ஐந்தாவது நிபந்தனைதான் வியப்பூட்டுகிறது: உங்கள் திருமணங்களை மாலையில் நடத்த வேண்டும்.

இது உண்மையில் நடந்ததா, பின்னர்ச் சேர்க்கப்பட்டதா என்பது வரலாற்று அறிஞர்களின் விவாதத்துக்கு உரியது. ஆனால், இன்றும் பார்சித் திருமணம் பெரும்பாலும் சூரியன் மறைந்த பிறகே நடைபெறுகிறது. பார்சி மணமகள் சேலைதான் கட்டுகிறாள். பார்சிகளின் வீட்டுமொழி குஜராத்தி. ஒரு சமூகம் தன் திருமணத்தின் நேரத்தையும் உடையையும் மொழியையும் விட்டுக்கொடுத்துவிட்டால், அதில் மிச்சம் என்ன இருக்கும் என்று கேட்கத் தோன்றுகிறது அல்லவா? பார்சித் திருமணத்தை ஒரு முறை உற்றுப் பார்த்தால் அதற்கு விடை கிடைக்கும்.

திருமண வீட்டின் வாசலில் சுண்ணப் பொடியால் கோலம் போட்டிருக்கும். நிலைப்படியில் பூத்தோரணம் தொங்கும். மணமகனும் மணமகளும் வாசலுக்கு வந்ததும், மூத்த பெண் ஒருவர் தட்டுடன் வருவார். முட்டையை எடுத்து அவர்களின் தலையை ஏழு முறை சுற்றித் தரையில் உடைப்பார். பிறகு தேங்காயையும் அப்படியே சுற்றி உடைப்பார். அரிசியையும் நீரையும் சுற்றிப் போடுவார். இந்தச் சடங்கின் பெயர் ‘அச்சு மிச்சு’. ஆரத்தி எடுத்தும் பூசணிக்காய் உடைத்தும் திருஷ்டி கழிக்கும் தமிழ்க் குடும்பத்தார் இதைப் பார்த்தால், முட்டையைத் தவிர மற்ற எல்லாவற்றையும் உடனே புரிந்துகொள்வார்கள்.

மேடையில் ஒரு வெள்ளித் தட்டு இருக்கும். அதில் விளக்கு, குங்குமச் சிமிழ், தேங்காய், கற்கண்டு, பன்னீர்ச் செம்பு ஆகியவை அடுக்கப்பட்டிருக்கும். நம் திருமண மண்டபங்களின் வாசலில் சந்தனம், குங்குமம், கற்கண்டு, பன்னீருடன் விருந்தினரை வரவேற்கிறோமே, அந்த மேசையே ஒரு தட்டுக்குள் வந்து உட்கார்ந்ததுபோல் இருக்கும். தட்டின் நடுவில் மட்டும் நமக்குத் தெரியாத ஒரு பொருள் நிற்கும். கூம்பு வடிவிலான வெள்ளிக் கலம் அது. சர்க்கரை மலையின் அடையாளம் அது. குங்குமமும் தேங்காயும் இந்திய மண்ணில் சேர்ந்தவை. அந்தக் கூம்பு பாரசீகத்திலிருந்து வந்தது. அதன் உறவினரை இன்னும் சிறிது நேரத்தில் சந்திப்போம்.

மணமகனும் மணமகளும் எதிரெதிரே அமர்வார்கள். இருவருக்கும் நடுவில் ஒரு வெள்ளைத் துணி திரையாகப் பிடிக்கப்படும். துணியின் அடியில் அவர்கள் வலக்கைகளைக் கோத்துக்கொள்ள, பூசாரி பருத்தி நூலை ஏழு முறை சுற்றுவார். ஒரு நூலைச் சிறு குழந்தைகூட அறுத்துவிடும். ஏழு சுற்று நூலை அறுப்பது கடினம். இருவரின் இடக்கையிலும் அரிசி இருக்கும். திரை விழுந்ததும் யார் முதலில் அரிசியை மற்றவர்மீது எறிகிறாரோ அவருக்கே வெற்றி. கூட்டம் கைதட்டும். தெலுங்குத் திருமணங்களிலும் மணமக்களுக்கு இடையே இப்படித் திரை பிடிப்பதைச் சிங்கப்பூரில் பலர் பார்த்திருப்பார்கள்.

இதுவரை வந்தவற்றுள் பெரும்பகுதி இந்தியாவின் கொடை. இனிதான் பார்சிகள் விட்டுக்கொடுக்காத பகுதி வருகிறது.

வெள்ளை அங்கி அணிந்த பூசாரிகள் எழுந்து, பழைய ஈரானிய மொழியில் கேள்வி கேட்பார்கள். முதலில் மணமகன் வீட்டுச் சாட்சியிடம், பிறகு மணமகள் வீட்டுச் சாட்சியிடம், அதன்பின் மணமக்களிடம். எந்த ஊரில் இந்தச் சபை கூடியிருக்கிறது என்று ஊரின் பெயரைச் சொல்வார்கள். ஆண்டைச் சொல்வார்கள். ஆனால், அது நாம் நாட்காட்டியில் காணும் ஆண்டன்று. பாரசீகத்தின் கடைசிச் சாசானியப் பேரரசர் மூன்றாம் யஸ்தகர்த் 632ஆம் ஆண்டில் அரியணை ஏறினார். அன்றிலிருந்து எண்ணப்படும் ஆண்டு அது. மணமகளுக்கு 2,000 வெள்ளித் திர்ஹம்களும் நிஷாப்பூர் நாணயச்சாலையின் இரண்டு பொற்காசுகளும் தருவதாக வாக்களித்து, இந்தத் திருமணத்துக்கு நீங்கள் இசைந்தீர்களா என்று கேட்பார்கள். அந்தப் பேரரசு வீழ்ந்து ஆயிரத்து முந்நூறு ஆண்டுகளுக்கு மேல் ஆகிவிட்டது. நிஷாப்பூர்க் காசை இன்று யாரும் தரப்போவதில்லை. இருந்தாலும், விரைவு ரயிலும் வானளாவிய கட்டடங்களும் உள்ள நகரில் அந்த வாக்கு சொல் மாறாமல் சொல்லப்படுகிறது.

மணமக்கள் சொல்லும் விடை ஒரே சொல்தான். ‘பசந்தீதம்’, அதாவது ‘எனக்கு விருப்பம், ஏற்றுக்கொண்டேன்’. ‘பசந்து’ என்ற இந்தச் சொல் தமிழருக்கு அந்நியமானதன்று. நல்ல துணியைத் தொட்டுப் பார்த்து ‘பசந்தாக இருக்கிறது’ என்று சொல்லும் முதியவர்கள் இன்னும் இருக்கிறார்கள். தேக்காச் சந்தையில் இமாம் பசந்து மாம்பழம் வாங்குகிறவர்களும் அதே சொல்லைத்தான் சொல்கிறார்கள். கேள்வி ஒரு முறை கேட்கப்பட்டு நின்றுவிடுவதில்லை. மூன்று முறை கேட்கப்படுகிறது. மூன்று முறையும் விடை வர வேண்டும். அதன் பிறகுதான் அரிசி தூவி வாழ்த்துகிறார்கள். அந்த வாழ்த்தைச் சமஸ்கிருதத்திலும் ஓதும் மரபு உண்டு. புகலிடம் தந்த நாட்டாருக்கும் புரியட்டும் என்று முன்னோர் நினைத்திருக்கலாம்.

நேரம், உடை, கோலம், தேங்காய் எல்லாவற்றையும் மாற்றிக்கொண்ட சமூகம், கேள்வியை மட்டும் மாற்றவில்லை.

இந்தக் கேள்வி பார்சிகளுக்கு மட்டும் உரியதன்று. பாரசீகத்திலேயே தங்கிவிட்ட ஈரானியர்களின் திருமணத்திலும் அது இருக்கிறது. அங்கு அது விளையாட்டாகவே மாறியிருக்கிறது. ஈரானியத் திருமணத்தின் மையம் ‘சொஃப்ரே’ என்னும் விரிப்பு. தரையில் அழகிய துணியை விரித்து அதன்மேல் பொருள்களைப் பரப்புவார்கள். தலைப்பக்கம் ஒரு கண்ணாடி, இருபுறமும் மெழுகுவத்தித் தண்டுகள். மணமகன் முதன்முதலாக மணமகளின் முகத்தைப் பார்ப்பது நேராக அன்று, இந்தக் கண்ணாடியில்தான். நம் வீடுகளில் நலங்கு வைக்கும்போது கண்ணாடி காட்டும் வழக்கம் இங்கு நினைவுக்கு வரலாம். விரிப்பில் ரொட்டி, வண்ணம் தீட்டிய முட்டைகள், வாதுமை, நாணயங்கள், ஒரு கிண்ணம் தேன் ஆகியவை இருக்கும். ஊசியும் ஏழு வண்ண நூலும்கூட இருக்கும். மணமகளின் மாமியார் கடுஞ்சொல் பேசாதிருக்க, அவருடைய நாவைத் தைப்பதுபோல் வேடிக்கையாகத் துணியில் இரண்டு தையல் போடுவார்கள். மாமியார்களைப் பற்றிய வேடிக்கைக்கு நாடு, மொழி, எல்லை எதுவும் இல்லைபோலும்.

மணமக்கள் விரிப்பின் எதிரே அமர்ந்ததும், உறவுப் பெண்கள் அவர்களின் தலைக்கு மேல் ஒரு வெண்பட்டுத் துணியை நான்கு முனையிலும் பிடித்துக்கொள்வார்கள். வேறு பெண்கள் இரண்டு சர்க்கரைக் கூம்புகளை ஒன்றோடொன்று உரசுவார்கள். சர்க்கரைத் தூள் துணியின்மீது மழைபோல் பொழியும். பார்சித் தட்டில் கண்ட வெள்ளிக் கூம்பின் உறவினர் இவர்தான். ஆயிரம் ஆண்டுகள் பிரிந்திருந்த இரண்டு கிளைகளும் சர்க்கரை மலையை மறக்கவில்லை.

சர்க்கரை பொழிந்துகொண்டிருக்கும்போதே, திருமணத்தை நடத்திவைப்பவர் மணமகளிடம் சம்மதம் கேட்பார். மணமகள் பேசமாட்டாள். சுற்றியிருக்கும் பெண்கள், “மணமகள் பூப்பறிக்கப் போயிருக்கிறாள்!” என்று குரல் கொடுப்பார்கள். இரண்டாம் முறை கேட்பார். அப்போதும் மௌனம். “மணமகள் பன்னீர் கொண்டுவரப் போயிருக்கிறாள்!” என்பார்கள். மூன்றாம் முறை கேட்கும்போது அறை முழுவதும் அமைதியாகும். “என் பெற்றோரின், பெரியோரின் அனுமதியுடன், ஆம்” என்று மணமகள் தெளிவாகச் சொல்வாள். மணமகனிடம் ஒரே ஒரு முறை கேட்பார்கள். அவன் உடனே சொல்லிவிடுவான். அவசரம் அவனுக்கு; மணமகளோ நேரம் எடுத்துக்கொள்ளலாம்.

சிங்கப்பூரில் பல பண்பாடுகள் கலந்த திருமணங்கள் புதியவையல்ல. சீன மணமகன் வேட்டி கட்டுவதையும், தமிழ் மணமகள் தேநீர்ச் சடங்கில் மாமனார் மாமியாருக்குத் தேநீர் ஏந்துவதையும் பார்த்துப் பழகிவிட்டோம். அத்தகைய திருமணம் ஒன்றில் பாரசீக மரபையும் சேர்க்க விரும்பினால், பொருள்களுக்குப் பஞ்சமில்லை. ஈரானிய விரிப்பில் ஏழு வண்ண மசாலாத் தட்டு ஒன்று வைப்பார்கள். அதில் இடம்பெறும் கசகசா, கருஞ்சீரகம், உப்பு, தேயிலை, அரிசி, குந்துருக்கம் ஆகியவற்றைத் தேக்கா வட்டாரத்தின் மளிகைக் கடைகளிலும் நாட்டு மருந்துக் கடைகளிலும் அரை மணி நேரத்தில் வாங்கிவிடலாம். பன்னீரும் அங்கேயே உண்டு. விருந்தில் பிரியாணியும் சமோசாவும் இருந்தால், அவற்றின் பெயர்களும் பாரசீகத்திலிருந்து வந்தவையே. ‘குலாப் ஜாமூன்’ என்பதில் உள்ள ‘குல்’ பூ, ‘ஆப்’ நீர். மணமகளின் பட்டில் மின்னும் ஜரியின் பெயரும் பொன்னைக் குறிக்கும் பாரசீகச் சொல்லிலிருந்து பிறந்ததே.

பொருள்களை வாங்குவது எளிது. அவற்றை ஒரே மேடையில் பொருத்துவதுதான் கடினம்.

தமிழ் இந்துத் திருமணத்தின் முகூர்த்தம் பெரும்பாலும் காலையில் அமைகிறது. பார்சித் திருமணமோ மாலையில். இது ஒரு சிக்கலே அன்று. காலையும் மாலையும் உள்ள நாளில் இரண்டுக்கும் இடமுண்டு. பார்சி மணமகள் வெள்ளைச் சேலை உடுத்துவாள். அது தூய்மையின் நிறம். தமிழ்ப் பாட்டிக்கும் சீனப் பாட்டிக்கும் திருமணத்தன்று வெள்ளை என்றால் மனம் திடுக்கிடும். இதை முன்கூட்டியே விளக்காவிட்டால் ஒரு நல்ல நாளில் வீண் கண்ணீர்தான் மிஞ்சும். கோயில் மண்டபத்துக்குள் முட்டையைக் கொண்டுபோக முடியாது. ஆகவே, அச்சு மிச்சுச் சடங்கை வீட்டு வாசலில் முடித்துக்கொள்வது நல்லது.

தீ இன்னும் நுட்பமானது. இரு சமயங்களுக்கும் தீ புனிதம்தான். ஆனால், தமிழ் மணமக்கள் ஓமத் தீயை வலம் வருகிறார்கள். அதில் நெய்யும் பொரியும் இடப்படுகின்றன. பார்சிகளோ தீயைச் சாட்சியாக ஒரு கலத்தில் வைத்துச் சந்தனக் கட்டையும் குந்துருக்கமும் இட்டு வளர்க்கிறார்கள். மூச்சுக்காற்றுகூடப் பட்டுவிடக் கூடாது என்று பூசாரி வெள்ளைத் துணியால் வாயை மூடிக்கொண்டு அதன்முன் நிற்பார். இரண்டும் தீதானே, ஒன்றே போதும் என்று சொல்கிறவர் இரண்டையும் அறியாதவர்.

இவற்றைவிடக் கனமான ஒரு செய்தியும் உண்டு. பார்சிச் சமூகம் உலகம் முழுவதிலும் சிறுத்துவருகிறது. சமயம் மாறி மணப்பவர்களுக்கு ஆசீர்வாதச் சடங்கை நடத்திவைக்க எல்லாப் பூசாரிகளும் இசைவதில்லை. அவ்வாறு மணந்த பெண்ணின் பிள்ளைகளைச் சமூகத்துக்குள் ஏற்பதா என்ற கேள்வி இந்தியாவில் நீதிமன்றம்வரை சென்றிருக்கிறது. ஆகவே, ஒரு பார்சிக் குடும்பம் கலப்புத் திருமணத்தில் தங்கள் வழக்கம் ஒன்றைச் சேர்க்கச் சொல்லும்போது, அது மேடை அலங்காரத்துக்கான கோரிக்கையாக இருப்பதில்லை. தங்கள் பிள்ளை தங்களிடமிருந்து முழுவதும் போய்விடவில்லை என்று தெரிந்துகொள்ள அவர்கள் தவிக்கிறார்கள். படம் எடுக்க அழகாக இருக்கும் என்பதற்காகக் கண்ணாடியையும் மெழுகுவத்தியையும் வைத்துவிட்டுக் கேள்வியை நேரமில்லை என்று நீக்கிவிடும் திருமண ஏற்பாட்டாளர்கள் இருக்கக்கூடும். அப்படிச் செய்தால் எஞ்சுவது கடைச் சரக்குதான். மாறாக, விரிப்பே இல்லாமல், சர்க்கரைக் கூம்பும் இல்லாமல், பாட்டி ஒருவர் எழுந்து மணமகளிடம் மூன்று முறை கேட்டால் அதில் பாரசீகம் முழுமையாக இருக்கும்.

இந்த இடத்தில் தமிழர்கள் சற்று நின்று யோசிக்க வேண்டியிருக்கிறது. ‘மௌனம் சம்மதத்துக்கு அறிகுறி’ என்பது நம்மிடையே வழங்கும் மொழி. மணமகள் தலைகுனிந்து அமர்ந்திருக்க, கெட்டிமேளம் முழங்கத் தாலி ஏறுகிறது. அந்த முழக்கத்தில் அவள் ஏதாவது சொன்னாலும் யார் காதிலும் விழாது. ஈரானியச் சடங்கு இதற்கு நேர்மாறானது. அங்கு மௌனம் மௌனம்தான், சம்மதம் ஆகாது. அவள் பூப்பறிக்கப் போயிருக்கிறாள், அவ்வளவே. அவள் திரும்பி வந்து வாய்திறந்து சொல்லும்வரை திருமணம் காத்திருக்கும்.

அதற்காகத் தமிழ் மரபில் பெண்ணின் குரலே இல்லை என்று சொல்லிவிட முடியாது. சுயமரியாதைத் திருமணங்களில் மணமக்கள் இருவரும் எல்லாருக்கும் புரியும் மொழியில், சபையறிய, உறுதிமொழி கூறினார்கள். தமிழ்நாட்டில் 1967ஆம் ஆண்டின் சட்டத் திருத்தம் அத்தகைய திருமணங்களுக்குச் சட்ட ஏற்பு வழங்கியது. சிங்கப்பூரில் 1932இல் தொடங்கிய தமிழர் சீர்திருத்தச் சங்கம் அந்தக் கருத்துகளை இங்கு பரப்பியது. அந்தச் சங்கத்தில் பெரும்பங்கு வகித்தவரும் ‘தமிழ் முரசு’ இதழை 1935இல் தொடங்கியவருமான கோ. சாரங்கபாணி மணந்துகொண்டது ஒரு பெரனாக்கான் சீனப் பெண்ணை. கலப்புத் திருமணம் இந்த ஊர்த் தமிழருக்கு நேற்று வந்த புதுமை அன்று.

அந்தக் காலத்தில் சிங்கப்பூரில் ஒரு பெண்ணின் சம்மதத்துக்குச் சட்டப் பாதுகாப்பு மிகக் குறைவு. ஓர் ஆண் ஒரு மனைவி இருக்கும்போதே வேறொரு பெண்ணையும் வழக்கப்படி மணந்துகொள்ளலாம். எழுத்தில் பதிவு எதுவும் இராது. கைவிடப்பட்ட மனைவி தான் மனைவிதான் என்பதை மெய்ப்பிக்கவே திண்டாட வேண்டியிருந்தது. இந்த நிலையை எதிர்த்து ஓயாது குரல் கொடுத்தவர் ஷிரின் ஃபோஸ்டார். அவர் 1905இல் பம்பாயில் பாரசீகப் பெற்றோருக்குப் பிறந்தவர். ‘ஷிரின்’ என்றால் பாரசீகத்தில் இனிமை என்று பொருள். ஆனால், அவருடைய பேச்சு பலருக்குக் கசந்தது. கணவருடன் 1950இல் சிங்கப்பூர் வந்த அவர், 1952இல் உருவான சிங்கப்பூர் மாதர் மன்றத்தின் முன்னணியில் நின்றார். தலைவர்களுக்கு எழுதினார், கூட்டங்களில் பேசினார். ஓர் ஆணுக்கு ஒரு மனைவி என்பது 1959 தேர்தலில் மக்கள் செயல் கட்சியின் வாக்குறுதிகளில் ஒன்றாயிற்று. மாதர் சாசனம் 1961 மே மாதத்தில் நிறைவேறி, அதே ஆண்டு செப்டம்பர் 15ஆம் நாள் நடப்புக்கு வந்தது.

ஃபோஸ்டார் குடும்பத்தினர் பின்பற்றிய பஹாய் சமயமும் ஈரானில் பிறந்ததுதான். அந்தச் சமயத்துத் திருமணத்தில் பூசாரி இல்லை. மணமக்களின் சம்மதம், உயிருடன் இருக்கும் பெற்றோர் அனைவரின் சம்மதம், இரண்டு சாட்சிகள், ஒரே ஒரு சிறு உறுதிமொழி. அவ்வளவு இருந்தால் போதும். இசை, உடை, உணவு எல்லாம் அந்தந்தக் குடும்பத்தின் விருப்பம். சிங்கப்பூர்ச் சமயங்களிடை அமைப்பு 1949இல் தொடங்கப்பட்டது. இன்று அதில் பத்துச் சமயங்கள் இடம்பெற்றுள்ளன. அந்தப் பத்தில் இரண்டு பாரசீக மண்ணில் தோன்றியவை என்பது பலர் அறியாத செய்தி.

மாதர் சாசனத்தின்படி, முஸ்லிம் அல்லாதவர்களின் திருமணம் பதிவு செய்யப்பட வேண்டும். கோயிலில் தாலி கட்டினாலும், தேவாலயத்தில் மோதிரம் மாற்றினாலும், உரிமம் பெற்ற ஒருவர் முன்னிலையில், குறைந்தது இரண்டு சாட்சிகள் பார்க்க, மணமக்கள் வாய்திறந்து இசைவைச் சொல்ல வேண்டும். இருவரும் தம் சொந்த விருப்பத்துடன்தான் மணக்கிறார்கள் என்று அவர் உறுதி செய்துகொள்ளாமல் திருமணத்தை நடத்திவைக்க இயலாது. பொன்னும் வெள்ளியும் பற்றிய பேச்சு மட்டும்தான் இதில் இல்லை. மற்றபடி பழைய பாரசீகப் பூசாரி கேட்ட அதே கேள்விதான்.

பாரசீக முறையைச் சேர்த்துக்கொள்ளும் இணையர், திருமணத்தை நடத்திவைக்க வரும் பதிவாளரிடம் ஒன்றை முன்கூட்டியே சொல்லிவைப்பது நல்லது. இல்லாவிட்டால் மணமகள் இரண்டு முறை பேசாதிருப்பதைப் பார்த்து அவர் கவலையுடன் கோப்பை மூடிவிடக்கூடும். விரிப்பின் முன் முதலில் பாட்டியோ அத்தையோ கேட்கட்டும். பெண்கள் பூவென்றும் பன்னீரென்றும் குரல் கொடுக்கட்டும். சர்க்கரை பொழியட்டும். மூன்றாம் முறை மணமகள் “ஆம்” என்று சொல்லி, தலைக்கு மேலிருந்த துணியை மடித்து எடுத்த பிறகு, பதிவாளர் தம் கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு மேசைக்கு வரட்டும். அவர் ஒரு முறைதான் கேட்பார். மணமகள் உடனே விடை சொல்லிவிட்டுக் கையெழுத்திடப் பேனாவை எடுப்பாள்.